கோயிலுக்குள் ஒரு சுவர்

சாகக் கிடக்கும் ஒரு பறையரின் குடிசைக்குள் சாமியார் குனிந்து நுழைந்து அவஸ்தை பூசலாமா, கூடாதா? மூன்று நூற்றாண்டுகளுக்கு முன் புதுச்சேரிக்கும் ரோமாபுரிக்கும் இடையே இந்தக் கேள்வியைச் சுமந்து கடிதங்கள் கடல் கடந்தன. ஆணை பிறந்தது, அதற்கு மறுப்பு எழுந்தது, மறுபடி ஆணை வந்தது. இப்படியே நாற்பது ஆண்டுகள் போயின. மனிதர் என்பவர் யார், அவருடைய மாண்பு எதனால் வருகிறது என்று கத்தோலிக்கத் தத்துவம் எழுதிக் குவித்த பக்கங்கள் ஏராளம். அவற்றுக்கான கடுமையான தேர்வுகளில் ஒன்று சிதம்பரத்துக்கு வடக்கே, கடலூரையும் புதுச்சேரியையும் சேர்ந்த இந்தக் கடற்கரைச் சீமையில்தான் நடந்தது.

நூல்களில் விடை அதற்கு வெகு முன்பே இருந்தது. ஆறாம் நூற்றாண்டில் போயத்தியுஸ் என்ற ரோமானிய அறிஞர், பகுத்தறியும் இயல்புடைய தனி ஒருவரையே ‘ஆள்’ என்று வரையறுத்தார். பதின்மூன்றாம் நூற்றாண்டில் தாமஸ் அக்குவினாஸ் அதை எடுத்து விரித்து, இயற்கை முழுவதிலும் நிறைவில் மேலானது ஆள்தான் என்றார். அந்த வரையறையில் குலம் இல்லை, தொழில் இல்லை, பிறந்த தெரு இல்லை. 1537இல் திருத்தந்தை மூன்றாம் பவுல், அமெரிக்கப் பழங்குடிகளும் மெய்யான மனிதர்களே, அவர்களுடைய உரிமையையும் உடைமையையும் யாரும் பறிக்கக் கூடாது என்று ஆணை எழுதினார். ஸ்பானியர் அதை எவ்வளவு மதித்தார்கள் என்பது வேறு கதை.

தமிழில் இந்தச் சிந்தனையை முதலில் விரிவாக எழுதியவர் 1606இல் மதுரைக்கு வந்த ராபர்ட் தெ நொபிலி. அவருடைய ‘ஆத்தும நிர்ணயம்’ அக்குவினாஸின் ஆன்மக் கொள்கையைத் தமிழ் உரைநடையில் வாதித்துக் காட்டும் நூல். ஒவ்வொரு மனிதரின் ஆன்மாவையும் இறைவன் தனித்தனியே படைக்கிறான், அது உடல் விட்டு உடல் தாவுவதில்லை என்பது அதன் அடித்தளம். அதைக் கேட்ட மதுரைக்காரர் ஒருவர் சற்று நின்று யோசித்திருந்தால் அடுத்த படிக்குத் தானே போயிருக்கலாம்: முற்பிறவி இல்லையென்றால், தாழ்ந்த குலத்தில் பிறந்தது முற்பிறவித் தண்டனையும் இல்லை. நொபிலி அந்தப் படியைத் தெருவில் எடுத்துவைக்கவில்லை. பூணூலும் குடுமியும் சமூக அடையாளங்களே, சமயச் சின்னங்கள் அல்ல என்று வாதாடினார். 1623இல் திருத்தந்தை பதினைந்தாம் கிரகோரியிடம் அதற்கு அனுமதியும் கிடைத்தது. உயர்குலத்தாரிடம் நெருங்க ஒரு வகைத் துறவி, மற்றவர்களுக்குப் ‘பண்டார சாமி’ என்று இன்னொரு வகைத் துறவி என்ற ஏற்பாடு வளர்ந்தது. ஆன்மாவில் எல்லாரும் ஒன்று, வாசற்படியில் வேறு வேறு. இந்த இரண்டையும் ஒரே தலைக்குள் வைத்துக்கொண்டு உண்மையாகவே உழைத்து மாண்ட குருக்கள் பலர். அவர்களைக் கபடக்காரர்கள் என்று ஒதுக்கிவிட முடியாது. ஆனால் அந்த ஏற்பாட்டின் விலையைக் கொடுத்தது யார் என்று கேட்காமலும் இருக்க முடியாது.

கேள்வி 1703 நவம்பர் 6ஆம் தேதி புதுச்சேரித் துறையில் வந்து இறங்கியது. திருத்தந்தையின் தூதராகச் சீனாவுக்குப் போகும் வழியில் ஷார்ல் தூர்னோன் என்ற இத்தாலியப் பிரபு அங்கே தங்கினார். எட்டு மாதம் தங்கியதில் பெரும்பகுதி நோயில் கழிந்தது. ஊர் ஊராகப் போய்ப் பார்க்கவில்லை. சேசு சபைக் குருக்களை அழைத்து விசாரித்தார், அவர்கள் எழுதித் தந்ததைப் படித்தார். 1704 ஜூன் 23ஆம் தேதி பதினாறு பிரிவுகள் கொண்ட ஓர் ஆணையில் கையொப்பமிட்டார். ஞானஸ்நானத்தில் எச்சில் தொட்டு வைக்கும் சடங்கை, தமிழர் அருவருப்பார்கள் என்று குருக்கள் விட்டுவந்தார்கள். விடக் கூடாது என்றார். கிறித்தவப் பெண்ணின் தாலியில் பிள்ளையார் உரு இருக்கக் கூடாது என்றார். மாதவிலக்கைக் காரணம் காட்டிப் பெண்களைக் கோயிலிலிருந்தும் பாவசங்கீர்த்தனத்திலிருந்தும் விலக்கக் கூடாது என்றார். நோயில் கிடக்கும் பறையர்களின் வீட்டுக்குக் குருக்கள் நேரே போக வேண்டும் என்றும் ஆணையிட்டார். உயிர் போகும் நேரத்தில் அவர்களைத் தூக்கிக்கொண்டு வரச்சொல்லிக் காத்திருக்கலாகாது.

மற்றப் பிரிவுகளைப் பற்றி இன்று யோசித்தால் பலவிதமாகத் தோன்றும். உள்ளூர்ப் பழக்கத்தை ஒரு வெளிநாட்டுப் பிரபு எட்டு மாதத்தில் அளந்து தீர்ப்புச் சொன்னது நியாயமா என்று கேட்கலாம், கேட்டும் இருக்கிறார்கள். எச்சில் விஷயத்தில் தமிழர் பக்கம்தான் நியாயம் இருந்தது என்று சொல்பவர்களை மறுப்பது கடினம். நோயாளிப் பிரிவு மட்டும் அந்த வகையில் சேராது. அங்கே மோதியது ஐரோப்பியப் பழக்கமும் தமிழ்ப் பழக்கமும் அல்ல. நோயில் கிடப்பவரும் தமிழர், அவர் குடிசைக்குள் போனால் தீட்டு என்பவரும் தமிழர். குருக்கள் சொன்ன பதிலும் இதைத்தான் காட்டுகிறது. பறையர் வீட்டுக்குள் போனோம் என்று தெரிந்தால் மேல்சாதிக்காரர் யாரும் எங்களைக் கிட்டே சேர்க்க மாட்டார்கள், வேதம் பரவாது என்றார்கள். அந்தக் கணக்கில் சாகிற மனிதர் ஒரு பக்கம், வருங்காலத்தில் மனம் திரும்பக்கூடிய பெரிய குடும்பங்கள் இன்னொரு பக்கம்.

வழக்கு இழுத்துக்கொண்டே போனது. அந்த ஆண்டுகளில்தான் வீரமாமுனிவர் இந்தப் பகுதியில் நடமாடினார். விருத்தாசலம் வட்டாரத்தில், இன்றைய கடலூர் மாவட்டத்துக் கோணான்குப்பத்தில், பெரியநாயகி மாதா கோயில் அவர் எழுப்பியது. தேம்பாவணி நாயகனைப் பாடிய அவர் காவி உடையும் பல்லக்குமாக ஒரு மடாதிபதியைப் போலப் பயணம் செய்தார் என்று மரபு சொல்கிறது. தமிழுக்கு அவர் செய்ததைத் தமிழர் மறக்க மாட்டார்கள். அதே நேரம், பல்லக்கில் வரும் குருவின் மரியாதையைக் காக்கும் பழக்கங்களும் தூர்னோன் தொட்ட பழக்கங்களும் ஒரே கொடியில் காய்த்தவை என்பதையும் சேர்த்தே நினைக்க வேண்டியிருக்கிறது.

1744 செப்டம்பர் 12ஆம் தேதி திருத்தந்தை பதினான்காம் பெனடிக்ட் இறுதி ஆணை எழுதினார். தூர்னோன் சொன்னது பொதுவாக உறுதியானது. பறையர் வீட்டு விஷயத்தில் மட்டும் சேசு சபையார் ஒரு வழி சொன்னார்கள்: பறையர்களுக்கென்றே தனியாகச் சில குருக்களை ஒதுக்குகிறோம். பெனடிக்ட் ஏற்றுக்கொண்டார். சாகிறவருக்கு இனி ஒரு குரு வருவார் என்பது உறுதி, அந்த மட்டில் இது முன்னேற்றம்தான். ஆனால் வருகிறவர் அவருக்கென்று பிரித்து வைத்த குரு. மனிதரின் மாண்பு பற்றிய தத்துவத்தை விட்டுக்கொடுக்காமலே சாதியின் ஏற்பாட்டையும் காப்பாற்றிவிட்ட தீர்வு அது.

அடுத்த ஆண்டே பதில் வந்தது. ரோமிலிருந்து இல்லை, புதுச்சேரியின் சம்பா கோயிலிலிருந்து.

அதை எழுதிவைத்தவர் கிறித்தவர் அல்ல. புதுச்சேரியின் அன்றாடத்தை 1736 முதல் நாட்குறிப்பாக எழுதிவந்த ஆனந்தரங்கப் பிள்ளை. 1745 அக்டோபரில் அவர் எழுதியதன் சாரம் இது. கோயிலுக்குள் ஒரு சுவர் இருந்தது. வடபுறம் பறையர்கள், மறுபுறம் சாதிக் கிறித்தவர்களும் ஐரோப்பியரும் சட்டைக்காரரும். காரைக்காலிலிருந்து வந்த குரு ஒருவர் சுவரைப் பார்த்துவிட்டுப் பறையர்களிடம் பேசியிருக்கிறார். அவர்கள் ஒன்றாகப் புறப்பட்டுப் பெரிய குருவிடம் போனார்கள். நாங்களும் உங்கள் பிள்ளைகள்தானே, எங்களை ஏன் பிரித்து வைத்திருக்கிறீர்கள் என்கிற நியாயத்தை எடுத்து வைத்தார்கள். சுவர் இடிக்கப்பட்டது. எல்லாரும் கலந்து உட்காரலாம் என்றாயிற்று. பிறகு ஒரு நாள் துபாஷி கனகராய முதலியாரின் உறவுப் பெண் ஒருவர் மெல்லிய துணியும் நகையும் வாசனையுமாகப் பூசைக்கு வந்தபோது குரு அவரைக் கடிந்துகொண்டார். சாதிக் கிறித்தவர்கள் கொதித்துப்போனார்கள்.

பிள்ளை இதில் எந்தப் பக்கமும் சாயாமல், ஊரில் நடந்த ஒரு கலகமாகவே எழுதிப் போகிறார். அதனாலேயே அவர் எழுத்துக்கு மதிப்பு அதிகம். நாற்பது ஆண்டுக் கடிதப் போக்குவரத்தில் குருக்களின் குரல் உண்டு, தூதரின் குரல் உண்டு, திருத்தந்தையர் பலரின் குரல் உண்டு. பறையர் என்று பக்கத்துக்குப் பக்கம் பேசப்பட்டவர்களின் குரல் கிடையாது. நாட்குறிப்பின் இந்தச் சில வரிகளில் அவர்கள் கூட்டமாக நடந்து வருகிறார்கள், கேட்கிறார்கள், கேட்டதைப் பெறுகிறார்கள். போயத்தியுஸ் வரையறுத்த ‘ஆள்’ இந்தக் கரையில் தன்னைத் தானே அறிவித்துக்கொண்ட நாள் என்று அதைச் சொல்லலாம்.

சுவர் போனது, பிரிவு போகவில்லை. சேசு சபை கலைக்கப்பட்டபின் வந்த பாரிஸ் மறைபரப்புச் சபைக் குருக்கள் சாதியோடு சமரசம் செய்துகொண்டே வேலை பார்த்தார்கள். வேறு முனைகளில் கதவு திறந்தது. 1844இல் புதுச்சேரியில் கூடிய குருக்கள் மன்றம் பெண்பிள்ளைகளுக்குப் பள்ளி வேண்டும் என்று தீர்மானித்தது. எழுத்துப் படிப்பது தேவதாசிகளுக்கே ஏற்றது என்று குடும்பங்கள் நினைத்த காலம். அந்த ஆண்டு அக்டோபரில் துய்புய் அடிகள் ஒரு கன்னியர் சபையைத் தொடங்கி, அவர்கள் கையில் பள்ளியை ஒப்படைத்தார். பிறகு 1876 தொடங்கி மூன்றாண்டு நீடித்த பெரும் பஞ்சம். வடஆர்க்காட்டிலும் தென்னார்க்காட்டிலும் சேரிகள் கூட்டம் கூட்டமாக ஞானஸ்நானம் பெற்றன. சோற்றுக்காக வந்தவர்கள் என்று அவர்களை ஏளனம் செய்தவர்கள் உண்டு. பசியில் ஒருவர் தன்னை மனிதராக நடத்தும் இடத்தைத் தேடிப் போவது ஏளனத்துக்குரியதா? அந்த அலைக்குப் பிறகு புதுச்சேரி மறைமாவட்ட மக்களில் பெரும்பகுதி, கோயிலின் வடபுறம் நிறுத்தப்பட்டவர்களின் இனத்தவரே.

சுவர் வழக்கு நீதிமன்றத்துக்குப் போனது தெற்கே, நெல்லைச் சீமை வடக்கன்குளத்தில். அங்கே வெள்ளாளர்களுக்கும் நாடார்களுக்கும் தனித்தனிக் கூடங்களோடு கட்டிய கோயிலில் தடுப்பை 1910இல் குருக்கள் எடுத்துவிட்டார்கள். வெள்ளாளர்களில் பிள்ளை, முதலியார் குடும்பங்கள் தடுப்பைத் திரும்ப வைக்கக் கேட்டு வழக்காடின. கிறித்தவரான பிறகு தீட்டைச் சட்ட உரிமையாகக் கோர முடியாது என்று 1916இல் சென்னை உயர் நீதிமன்றம் தள்ளுபடி செய்தது.

அதே 1916இல் சிதம்பரத்தில் ஒரு பள்ளி தொடங்கியது. தொடங்கியவர் சுவாமி சகஜானந்தா. ஆரணிப் பக்கம் பறையர் குடும்பத்தில் முனுசாமியாகப் பிறந்து மிஷன் பள்ளியில் படித்தவர். மதம் மாறச் சொன்னபோது மறுத்ததால் பள்ளியை விட்டு வெளியேற நேர்ந்தது. சிதம்பரமோ நந்தனார் நடராசரைக் காணக் காத்துக்கிடந்த ஊர், நெருப்பில் இறங்கித்தான் உள்ளே போக முடிந்தது என்று பெரியபுராணம் சொல்லும் ஊர். அங்கே நந்தனார் பெயரிலேயே பள்ளியும் மடமும் எழுப்பினார். கத்தோலிக்க மாண்புக் கதையில் இந்தச் சைவத் துறவிக்கு என்ன இடம் என்று கேட்கலாம். 1965 டிசம்பர் 7ஆம் தேதி இரண்டாம் வத்திக்கான் சங்கம் சமயச் சுதந்திரம் பற்றி வெளியிட்ட ஏடு, மனச்சாட்சிக்கு மாறாக யாரையும் கட்டாயப்படுத்தலாகாது, அந்த உரிமை மனித மாண்பிலேயே வேரூன்றியது என்கிறது. அதை ரோம் எழுதுவதற்கு அறுபது ஆண்டுகளுக்கு முன்பே ஓர் ஏழைச் சிறுவன் அந்த உரிமையைத் தன் படிப்பைப் பணயம் வைத்துக் காப்பாற்றிக்கொண்டான்.

சிதம்பரத்துக்கு இதில் இன்னொரு பங்கும் உண்டு. 1942 முதல் 1948 வரை அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தராக இருந்தவர் மரியதாஸ் ரத்தினசாமி, கத்தோலிக்கர், அரசியல் தத்துவம் எழுதியவர். அவர் காலத்தில், 1945இல், யாழ்ப்பாணத்துக் குரு ஒருவர் தமிழ் முதுகலை படிக்க வந்து சேர்ந்தார். சேவியர் தனிநாயகம் அடிகள். ரோமில் இறையியலில் முனைவர் பட்டம் பெற்றவர், அதன்பின் ஆசிரியராக இருந்த ஊர் அந்த வடக்கன்குளம். அண்ணாமலை நகரில் அவர் சங்க இலக்கியத்துக்குள் மூழ்கினார். பின்னாளில் தமிழ் மனிதநேயம் என்ற பொருளை உலக மேடைகளில் அவர் எடுத்துப் பேசியபோது, ரோமில் படித்த மனித ஆள் பற்றிய தத்துவமும் கணியன் பூங்குன்றனாரும் அவர் கையில் ஒன்றாகவே இருந்தனர். நொபிலி ஐரோப்பாவிலிருந்து கொண்டுவந்து தமிழில் ஊன்ற முயன்றது இங்கே முன்பே முளைத்திருந்தது என்று காட்டியவர் அவர். 1964இல் அவர் முயற்சியால் அமைந்த உலகத் தமிழாராய்ச்சி மன்றத்தைத் தமிழர் அறிவர். அதன் வேர்களில் ஒன்று சிதம்பரத்தில் இருக்கிறது.

 அரசியல் நிர்ணய சபையில் சென்னை லயோலா கல்லூரி முதல்வர் ஜெரோம் டிசோசா அடிகள் உறுப்பினராக இருந்தார். அம்பேத்கர் தலைமையில் வரைவுக் குழு முகவுரையில் தனிமனிதரின் மாண்பை எழுதியது. கத்தோலிக்கச் சிந்தனையின் செல்வாக்கில் பிறந்த 1937ஆம் ஆண்டு அயர்லாந்து அரசியல் சட்டத்தின் முகவுரையிலும் ஏறக்குறைய அதே தொடர் உண்டு. அங்கே மாண்பும் சுதந்திரமும், இங்கே மாண்பும் நாட்டின் ஒற்றுமையும். அம்பேத்கருக்கு மாண்பைக் கற்றுத்தர அயர்லாந்து தேவையில்லை, தண்ணீர் உரிமைக்குப் போராடிய மகாடு குளம் போதும். இரு வேறு துன்பங்களிலிருந்து ஒரே தொடர் எழுந்ததுதான் கவனிக்க வேண்டியது. அந்த முகவுரை 1950 ஜனவரி 26ஆம் தேதி நடைமுறைக்கு வந்தது. அதே ஆண்டு ஆகஸ்ட் 10ஆம் தேதி குடியரசுத் தலைவரின் ஆணை, தலித் கிறித்தவர்களைப் பட்டியல் சாதியிலிருந்து வெளியே நிறுத்தியது. கோயில் அவர்களைச் சாதியால் பிரித்தது, அரசு அவர்களுக்குச் சாதியே இல்லை என்றது. பிற்பாடு சீக்கியருக்கும் பௌத்தருக்கும் அந்தத் தடை நீங்கியது, இவர்களுக்கு இன்றுவரை இல்லை.

1953இல் மறைமாவட்டத்தின் பெயர் புதுச்சேரி–கடலூர் உயர் மறைமாவட்டம் என்றானது. ஐம்பது ஆண்டு கழித்து, 2003 நவம்பர் 17ஆம் தேதி, ரோமுக்கு வந்த தமிழக ஆயர்களிடம் திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல் நேராகவே பேசினார். கிறித்தவர்களுக்கிடையே சாதிப் பாகுபாடு மனித ஒருமைப்பாட்டுக்கு எதிரான அடையாளம், அதை வளர்க்கும் பழக்கங்கள் திருத்தப்பட வேண்டும் என்றார்.

அதற்குப் பிறகும் எறையூர் நடந்தது. உளுந்தூர்பேட்டைக்கு அருகே, பழைய தென்னார்க்காட்டு மண்ணில், இதே மறைமாவட்டத்தின் பெரிய ஊர் அது. ஜெபமாலை மாதா கோயிலில் வன்னியக் கிறித்தவர்கள் பெரும்பான்மை. தலித் கிறித்தவர்களின் பாடை பொது வழியில் போக முடியாது, கல்லறையும் தனி. அவர்கள் தங்களுக்கென்று சகாய மாதா கோயிலைக் கட்டி, அதைத் தனிப் பங்காக அறிவிக்கக் கேட்டார்கள். 2008 மார்ச் 7ஆம் தேதி உண்ணாவிரதம் தொடங்கினார்கள். 9ஆம் தேதி அவர்கள் வீடுகள் தாக்கப்பட்டன. போலீசார் சுட்டதில் இருவர் மாண்டனர். இருவரும் வன்னியக் கிறித்தவர்கள். ஒரே திருப்பலி, ஒரே நற்கருணை, ஒரே ஜெபமாலை. இறந்தவர்களை எந்தத் தெரு வழியே எடுத்துப்போவது என்பதில் மேலும் இருவர் இறந்தார்கள்.

தனிப் பங்கு கேட்டது பிரிவினையை நிரந்தரமாக்காதா என்று அப்போது பலர் கேட்டார்கள். 1744இல் பறையர்களுக்குத் தனிக் குரு என்று முடிவானபோதும் இதே கேள்வி பொருந்தும். ஆனால் இரண்டும் ஒன்றல்ல. 1744இல் தங்கள் மரியாதையைக் காத்துக்கொள்ள மேலே இருந்தவர்கள் கீழே இருந்தவர்களைப் பிரித்தார்கள். 2008இல் பிரித்து வைக்கப்பட்டவர்கள், பிரிவு இருக்கும்வரை அதில் அவமானமாவது இல்லாமல் இருக்கட்டும் என்று கேட்டார்கள். 1745இல் சம்பா கோயிலில் கேட்டது சுவரை எடு என்று. எறையூரில் அப்படிக் கேட்டும் பலிக்காத நிலையில் தனி வாசல் கேட்டார்கள். அந்தக் கோரிக்கையில் இருக்கும் களைப்பைப் பார்க்காமல் அதைப் பிரிவினை என்பவர்கள், பிரித்தது யார் என்பதை மறந்துவிடுகிறார்கள்.

2016 டிசம்பரில் இந்தியக் கத்தோலிக்க ஆயர் பேரவை தலித் மக்களுக்கான கொள்கை ஒன்றை வெளியிட்டு, திருச்சபைக்குள் தீண்டாமையும் பாகுபாடும் இருப்பதை ஒப்புக்கொண்டது. 2024 ஏப்ரலில் வத்திக்கான் வெளியிட்ட மாண்பு பற்றிய ஏடு, மனிதராக இருப்பதாலேயே வரும் மாண்பை எந்தச் சூழ்நிலையும் பறிக்க முடியாது என்கிறது. ஒழுக்கத்தாலும் சமூக நிலையாலும் வாழும் சூழலாலும் கூடிக் குறையும் மாண்பை அதிலிருந்து பிரித்தும் காட்டுகிறது. நொபிலி எழுதியதற்கும் அவர் வாழ்ந்ததற்கும் இடையே இருந்த பிளவுக்கு ரோம் பெயர் வைக்க நானூறு ஆண்டுகள் ஆகியிருக்கின்றன. இடையில் 2022இல், புதுச்சேரி–கடலூருக்கு அடுத்த பேராயராகப் பிரான்சிஸ் கலிஸ்ட் நியமிக்கப்பட்டபோது, மக்களில் பெரும்பகுதி தலித்துகளாக இருக்கும் மறைமாவட்டத்துக்குத் தலித் பேராயர் ஏன் இல்லை என்று கேட்டுத் தலித் கிறித்தவ அமைப்புகள் தெருவில் இறங்கின. அதே ஆண்டு ஆகஸ்டில் ஐதராபாத்துப் பேராயர் அந்தோணி பூலா கர்தினாலானார், தலித் சமூகத்திலிருந்து அந்தப் பதவிக்கு வந்த முதல் மனிதர். புதுச்சேரி–கடலூரில் கேட்டவர்கள் இன்னும் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்.